கவிஞரைத் தெரியும், நகரசபைத் தலைவரைத் தெரியுமா?

எமே செசேர் பெயரை நம்ம சிறுபத்திரிகைகள் உச்சரிக்க ஆரம்பித்து ரொம்ப காலமாச்சு. தலித் இலக்கியம் பற்றிப் பேச ஆரம்பித்தபோதே கறுப்பு இலக்கியம் பற்றியும் பேசினோம். நெக்ரிட்யூட், செங்கோர், ஃபனோன் எல்லாம் கூட்டங்களில் அடிபட்ட பெயர்கள். செசேர் அதில் கவிஞர், கலகக்காரர், காலனியத்தைக் கிழித்துத் தொங்கவிட்டவர். இதெல்லாம் சரி. ஆனா அதே ஆள் 1945 முதல் 2001 வரை, 56 வருஷம், மார்த்தினிக் தீவின் தலைநகரான ஃபோர்-து-பிரான்சுக்கு மேயராக இருந்தார். 1945 முதல் 1993 வரை பிரெஞ்சு நாடாளுமன்ற உறுப்பினர். 1983 முதல் 1988 வரை மார்த்தினிக் மண்டல சபையின் தலைவர். இந்த ஆளைப் பற்றி நம்மில் யாரும் பேசுவதில்லை. ஏன்?

மேயர் என்றால் நமக்கு இளக்காரம். குழாயடிச் சண்டை, சாக்கடை அடைப்பு, காண்டிராக்ட், கமிஷன். இலக்கியவாதிக்கு இதெல்லாம் அழுக்கு. சேரியில் இருப்பவனுக்கு மட்டும்தான் தெரியும், தண்ணீர்க் குழாய் எந்தத் தெருவோடு நிற்கும் என்று தீர்மானிப்பதுதான் அரசியல் என்று. செசேரின் கவிதையைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். நான் அவருடைய நிர்வாகத்தைப் பற்றிப் பேசப்போகிறேன். விடுதலை பேசிய ஒருத்தர் அரை நூற்றாண்டு அதிகாரத்தில் உட்கார்ந்தால் என்ன ஆகிறது என்று பார்க்க இவரைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

முதலில் ஊரைத் தெரிந்துகொள்ள வேண்டும். கரீபியன் கடலில் ஒரு சின்னத் தீவு மார்த்தினிக். 17ஆம் நூற்றாண்டிலிருந்து பிரெஞ்சுக்காரன் பிடியில். கரும்புத் தோட்டம், ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வந்த அடிமைகள், மேலே வெள்ளை முதலாளிகள். இந்த வெள்ளைக் குடும்பங்களை அங்கே பெக்கே என்கிறார்கள். சனத்தொகையில் ஏறத்தாழ ஒரு சதவீதம்தான் இருப்பார்கள். நிலமும் இறக்குமதி வியாபாரமும் பெரிய கடைகளும் பெரும்பாலும் அவர்கள் கையில். தங்களுக்குள்ளேயே கல்யாணம் செய்துகொள்வார்கள். 2009ல் ஒரு பிரெஞ்சுத் தொலைக்காட்சி ஆவணப்படத்தில் பெக்கே தொழிலதிபர் ஒருவர், எங்கள் இனம் கலக்காமல் காத்துக்கொள்ளத்தான் விரும்புகிறோம் என்ற பொருளில் கேமரா முன்னாலேயே பேசினார். தீவே கொந்தளித்தது. அகமணம், நிலம், அதிகாரம் மூன்றையும் ஒரே முடிச்சாகப் போட்டு வைத்திருக்கும் கூட்டம் எப்படி இருக்கும் என்று நமக்கு யாரும் வகுப்பெடுக்க வேண்டியதில்லை.

1848ல் அடிமைமுறை ஒழிந்தது. ஏப்ரல் 27ல் பாரீசில் ஆணை கையெழுத்தானது; அது கப்பலில் வந்து சேருவதற்குள் மே 22ல் மார்த்தினிக் அடிமைகளே கிளர்ந்தெழுந்து விடுதலையை எடுத்துக்கொண்டார்கள். அடுத்த வருஷம் பிரெஞ்சு அரசு நஷ்டஈடு கொடுத்தது. யாருக்கு? அடிமைகளை இழந்த முதலாளிகளுக்கு! அடிமையாக இருந்தவனுக்கு ஒரு சல்லிக்காசு கிடையாது, ஒரு குழி நிலம் கிடையாது. விடுதலையான சனங்கள் கூலியை உயர்த்திக் கேட்கவும் தோட்ட முதலாளிகள் வேறு ஆள் தேடினார்கள். இங்கேதான் நாம் வருகிறோம். 1853லிருந்து சுமார் 30 வருஷத்தில் ஏறத்தாழ 25,000 பேர் இந்தியாவிலிருந்து மார்த்தினிக்குக்குக் கப்பலேற்றப்பட்டார்கள். பெரும்பகுதி புதுச்சேரி, காரைக்கால் துறைகளிலிருந்து போன தமிழ்ச் சனங்கள். என்னென்ன சாதி என்று தனியாக ஆராயலாம். ஆனா அவர்கள் கூட எடுத்துப்போன சாமிகளில் மாரியம்மனோடு மதுரைவீரனும் இருக்கிறான். மலியெமின் என்றும் மல்தெவிலன் என்றும் பெயர் உருமாறி இன்றைக்கும் அங்கே கிடா வெட்டுப் பூசை நடக்கிறது. போனது யார் என்பதற்கு இதைவிட வேற சாட்சி வேணுமா என்ன.

இந்தப் புதுக் கூலிகளை வைத்துத்தான் முதலாளிகள் பழைய அடிமைகளின் கூலியை அமுக்கினார்கள். அதனால் கறுப்பர்களுக்கு இந்தியர்கள் மேல் ஆத்திரம். ஒடுக்கப்பட்ட ஒருத்தனை வைத்து இன்னொருத்தனை அடிப்பது பழைய வித்தை.

செசேர் பிறந்தது 1913ல், தீவின் வடக்கே பாஸ்-புவாந்த் என்ற ஊரில். சுற்றிலும் தோட்டங்கள். இந்தியக் கூலிகளின் வாரிசுகள் அதிகம் இருக்கும் பகுதியும் அதுதான். வசதியான குடும்பம் இல்லை. பாட்டிதான் எழுத்துச் சொல்லிக்கொடுத்தவர். படிப்பில் கெட்டிக்காரர், உதவித்தொகையில் 1931ல் பாரீஸ் போனார். அங்கே செனகலின் செங்கோர், கயானாவின் தமாஸ் ஆகியோரோடு சேர்ந்து 1935ல் கறுப்பு மாணவர்களுக்காக ஒரு பத்திரிகை. வெள்ளைக்காரன் வசைச்சொல்லாக எறிந்த 'நெக்ர்' என்ற வார்த்தையைக் கையில் எடுத்து, ஆமாண்டா அப்படித்தான் என்று திருப்பி எறிந்ததுதான் நெக்ரிட்யூட். இந்தக் கதை நமக்குத் தெரிந்ததுதான், தாண்டிப் போகலாம். 1939ல் ஊர் திரும்பி ஆசிரியரானார். ஃபனோன் படித்த பள்ளிக்கூடம் அதுதான். 1941ல் மனைவி சூசான் செசேரோடும் நண்பர்களோடும் 'த்ரோபிக்' பத்திரிகை. அப்போது தீவு விஷி அரசின் பிடியில். 1943ல் பத்திரிகையைத் தடை செய்தார்கள். சூசானின் கட்டுரைகள் அந்தப் பத்திரிகையின் மிகக் கூர்மையான பக்கங்கள். ஆறு பிள்ளைகளை வளர்த்தார், அதற்கப்புறம் அதிகம் எழுதவில்லை. விடுதலை வரலாறுகளில் இப்படி மனைவிமார் கணக்கு ஒரு வரியில் முடிந்துபோகிறது, இந்தக் கட்டுரையிலும் சேர்த்துத்தான்.

1945ல் கம்யூனிஸ்ட் பட்டியலில் நின்று மேயரானபோது அவருக்கு 31 வயது. அதே வருஷம் நாடாளுமன்றத்துக்கும் போனார். அங்கே அவர் செய்த முதல் பெரிய காரியம் இன்றுவரை வாதத்தில் இருக்கிறது. 1946 மார்ச் 19 சட்டம். மார்த்தினிக், குவாதலூப், கயானா, ரெயூனியன் நாலும் காலனி என்ற நிலை போய் பிரான்சின் மாவட்டங்கள் ஆயின. சட்டத்தை அவைக்கு விளக்கி முன்னெடுத்தவர் செசேர்.

இது என்னய்யா கூத்து? காலனியத்தை எதிர்த்தவர் பிரான்சோடு ஒட்டிக்கொள்ளச் சட்டம் கொண்டுவருவதா? புத்தகப் புரட்சிக்காரர்கள் இந்த இடத்தில் சிரிப்பார்கள். சிரிக்கத் தேவையில்லை. கரும்பு வெட்டும் கூலிக்குப் பாரீஸ் தூரம், பெக்கே பக்கம். அன்றாடம் கழுத்தை நெரிப்பவன் பக்கத்துத் தோட்டத்துக்காரன். தொழிலாளர் சட்டம், சமூகக் காப்பீடு, சம கூலி எல்லாம் பாரீசில் இருக்கிறது. அந்தச் சட்டத்தை இங்கே கொண்டுவந்தால் பெக்கேயின் கை கட்டப்படும் என்று சனங்கள் நம்பினார்கள். அந்த நம்பிக்கையைத்தான் செசேர் அவையில் வைத்தார். ஊர்க் கட்டுப்பாட்டிலிருந்து தப்பிக்கத் தூரத்துச் சட்டத்தின் கதவைத் தட்டுகிற அனுபவம் நமக்கும் உண்டுதானே.

சட்டம் வந்தது, சமத்துவம் வரவில்லை. பிரான்சிலிருந்து வந்த அதிகாரிகளுக்குத் தனிப் படி கொடுத்தார்கள், உள்ளூர்க்காரனுக்கு இல்லை. 1953ல் உள்ளூர் அரசு ஊழியர்கள் நீண்ட வேலைநிறுத்தம் செய்து அதை வாங்கினார்கள். நல்ல வெற்றி. ஆனா அதோடு அரசு ஊழியர் ஒரு வர்க்கம், கரும்பு வெட்டுகிறவன் வேறு வர்க்கம் என்று ஆனது. பிரான்சில் இருக்கும் குறைந்தபட்சக் கூலி மார்த்தினிக் தொழிலாளிக்கும் சமமாகக் கிடைத்தது எப்போது தெரியுமா? 1996ல்! சட்டம் வந்து 50 வருஷம் கழித்து. காகிதத்தில் சமத்துவம் எழுதப்படுவதற்கும் அது குடிசைக்குள் வந்து சேர்வதற்கும் நடுவில் ஒரு மனுஷனின் வேலைக்காலம் முழுக்கப் போய்விடுகிறது.

இந்த ஏமாற்றம் புகைந்துகொண்டிருந்தபோதுதான் 1956 வந்தது. பிப்ரவரியில் ஸ்டாலின் பற்றிய குருஷ்சேவ் அறிக்கை. மார்ச்சில் அல்ஜீரியாவை ஒடுக்கச் சிறப்பு அதிகாரம் கேட்ட அரசுக்குப் பிரெஞ்சுக் கம்யூனிஸ்ட் கட்சி ஆதரவாக ஓட்டுப் போட்டது. அக்டோபர் 24ல் செசேர் கட்சியின் பொதுச் செயலாளர் மொரிஸ் தொரேசுக்கு ஒரு கடிதம் எழுதிவிட்டு வெளியேறினார்.

நம் தோழர்கள் செசேரிடம் ஒன்றை மட்டும் படிப்பதானால் இந்தக் கடிதத்தைப் படிக்கச் சொல்வேன். ஸ்டாலின் பற்றிய பகுதி பழசாகிவிட்டது, அதைப் பலரும் சொன்னார்கள். கடிதத்தின் உயிர் பின்பாதியில். எங்கள் பிரச்சினையை வேறொரு பெரிய பிரச்சினையின் ஒரு துண்டாக்கிக் கரைத்துவிடாதீர்கள் என்கிறார். நிறத்தால் ஒடுக்கப்பட்டவனின் போராட்டமும் பிரெஞ்சுத் தொழிலாளியின் போராட்டமும் ஒன்றல்ல, அதனால் அதற்குத் தனி அமைப்பு வேண்டும், அதை நாங்களே நடத்த வேண்டும் என்கிறார். கட்சி எங்களிடம் காட்டுவது தோழமை இல்லை, அண்ணன்தனம். அண்ணன் தம்பியின் கையைப் பிடித்து, உனக்கு வழி தெரியாது வா என்று இழுத்துக்கொண்டு போகிற அந்தத் தோரணை. இதை வாசிக்கும்போது நம்மாட்கள் சிலருக்கு முகங்கள் ஞாபகம் வரலாம். முதலில் வர்க்கம், அப்புறம் சாதி, புரட்சி வந்தால் தானாகச் சரியாகும் என்று எத்தனை கூட்டத்தில் கேட்டிருப்போம்!

ஆனா ஒன்றைக் கவனிக்கணும். செசேர் மார்க்சியத்தைத் தூக்கி எறியவில்லை. மார்க்சியம் கறுப்பு மக்களுக்கு வேலை செய்யட்டும், கறுப்பு மக்கள் மார்க்சியத்துக்கு வேலை செய்ய வேண்டாம் என்பதுதான் அவர் கட்சி. தன் அடையாளக் கூட்டுக்குள் அடைந்துகொள்வதும் அழிவுதான், எல்லோரும் மனிதரே என்ற பொத்தாம்பொதுவில் கரைந்துபோவதும் அழிவுதான் என்று இரண்டு பக்கமும் எச்சரிக்கிறார். இந்த இரண்டாவது எச்சரிக்கையை நாம் சந்தோஷமாக மேற்கோள் காட்டுவோம். முதலாவதை விட்டுவிடுவோம்.

இந்தக் கடிதத்துக்குச் சரியாகப் பத்து நாள் முன்னால், அக்டோபர் 14ல், நாகபுரியில் அம்பேத்கர் லட்சக்கணக்கான மக்களோடு பௌத்தம் தழுவினார். ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத இரண்டு சம்பவங்கள். ஆனாலும் அந்த மாதத்தை நான் ஒன்றாகவே நினைவில் வைத்திருக்கிறேன்.

1958 மார்ச்சில் சொந்தக் கட்சி தொடங்கினார், மார்த்தினிக் முற்போக்குக் கட்சி. கோரிக்கை தனிநாடு அல்ல, தன்னாட்சி. அதே வருஷம் தெகோலின் புதிய அரசியல் சட்டத்துக்கு வாக்கெடுப்பு வந்தபோது, அமைச்சர் மல்ரோ வந்து பேசிய பிறகு, 'ஆம்' போடச் சொன்னார். கினியா 'இல்லை' என்று சொல்லி விடுதலை வாங்கியது அதே வாக்கெடுப்பில்தான். அடுத்த வருஷம் டிசம்பரில் ஃபோர்-து-பிரான்ஸ் தெருவில் கலவரம், மூன்று இளைஞர்கள் செத்தார்கள். 1974 பிப்ரவரியில் பாஸ்-புவாந்தின் ஷால்வே தோட்டத்தில், செசேரின் சொந்த ஊரில், கூலி உயர்வு கேட்ட வாழைத்தோட்டத் தொழிலாளர்கள் மேல் போலீஸ் சுட்டது. 1963லிருந்து அரசே ஓர் அலுவலகம் வைத்துத் தீவு இளைஞர்களைப் பிரான்சுக்கு ஏற்றுமதி செய்தது. ஆஸ்பத்திரி ஆயா, தபால் ஊழியர், வீட்டு வேலை. இளைஞர்கள் வெளியே, பிரான்சிலிருந்து வெள்ளையர் உள்ளே. இதை இடமாற்றத்தால் செய்யும் இனஅழிப்பு என்று செசேர் நாடாளுமன்றத்தில் கத்தினார். கத்தினார், சரி. ஆள் ஏற்றுவது 1980கள் வரை நிற்கவில்லை.

இப்போ நகரத்துக்கு வருவோம். செசேர் கைக்கு 1945ல் வந்தது சதுப்பு நிலத்தின் மேல் உட்கார்ந்த ஒரு ஊர். கழிவுநீர் திறந்த வாய்க்காலில் ஓடியது. சர்க்கரை ஆலைகள் ஒவ்வொன்றாக மூட மூட, தோட்டத்துச் சனங்கள் நகரத்துக்கு வந்து மலைச்சரிவிலும் கடலோரச் சேற்றிலும் குடிசை போட்டார்கள். த்ரெனெல், வோல்கா-ப்ளாழ், எண்ணெய்க் கம்பெனி இடத்தில் முளைத்ததால் டெக்ஸாக்கோ என்றே பெயர் பெற்ற குடியிருப்பு. பாரீசில் படித்த எந்த நகரத் திட்டக்காரனும் புல்டோசரைத்தான் கூப்பிட்டிருப்பான். செசேரின் நகரசபை மெல்ல மெல்ல அங்கே தண்ணீரும் மின்சாரமும் படிக்கட்டுப் பாதையும் சாக்கடையும் கொண்டுபோனது. ஓலைக்குடிசை பலகையாகி, பலகை சிமெண்டானது. பத்ரிக் ஷமுவாசோவின் 'டெக்ஸாக்கோ' நாவல் (1992ல் கோன்கூர் பரிசு பெற்றது) இந்தக் கதைதான். அதில் செசேரே ஒரு பாத்திரமாக வருகிறார். குடிசையைக் காப்பாற்ற ஒரு பொம்பளை மேயரைப் போய்ப் பார்க்கிறாள். டெக்ஸாக்கோவை இடிக்காமல் சீரமைக்கும் வேலையில் இருந்த செர்ழ் லெச்சிமி என்ற நகரத் திட்ட வல்லுநர்தான் 2001ல் செசேருக்குப் பின் மேயரானார்.

காலனியம் பற்றிய அவருடைய உரைநூலைவிட இந்தச் சாக்கடைகள் சின்ன விஷயம் என்று எனக்குத் தோன்றவில்லை. புறம்போக்கில் குடிசை போட்டுப் பட்டாவுக்கு அலைந்தவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

அதற்காக எல்லாம் பொன் என்றில்லை. நகரசபை தீவின் பெரிய வேலைகொடுப்பாளர்களில் ஒன்றானது. ஆலை மூடிய ஊரில் நகரசபை வேலை என்றால் சோறு. சோறு கொடுப்பவருக்கு ஓட்டு. 56 வருஷம் தோற்காமல் இருந்ததற்குக் கவிதை மட்டும் காரணமில்லை என்று விமர்சகர்கள் சொன்னார்கள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன்.

இன்னொன்று. ஒப்பந்தம் முடிந்து ஊர் திரும்பக் கப்பல் வராமல் ஃபோர்-து-பிரான்சில் தங்கிப்போன இந்தியக் கூலிகள் ஓ-பெரோ என்ற பகுதியில் குடியிருந்தார்கள். நகரசபை அவர்களைத் தெருக்கூட்ட வைத்தது. ஒவ்வொரு கூலியும் என்றைக்காவது ஒருநாள் வாய்க்கால் கூட்டித்தான் ஆகணும் என்று கிரயோல் மொழியில் ஒரு கேலிப் பழமொழியே உண்டு. ஏழு கடல் தாண்டியும் விளக்குமாறு கூடவே போயிருக்கிறது. இங்கே பிறப்பால் கொடுத்தான், அங்கே இனத்தால் கொடுத்தான். கறுப்பின் பெருமையைப் பாடிய மேயரின் ஊரில் இந்தப் பழமொழி புழங்கிக்கொண்டிருந்தது. நெக்ரிட்யூட் ஆப்பிரிக்காவைப் பார்த்துத் திரும்பி நின்றபோது அதன் முதுகுப் பக்கம் யார் நின்றார்கள் என்ற கேள்வியைப் பின்னால் வந்த கிரயோல் எழுத்தாளர்கள் கேட்டார்கள். ரஃபாயேல் கொன்ஃபியான் 1993ல் செசேரை விமர்சித்து முழுப் புத்தகமே எழுதினார். 2004ல் இந்தியக் கூலிகளைப் பற்றி ஒரு நாவலும் எழுதினார். செசேர் கடைசிவரை எழுதியது பிரெஞ்சில், சனங்கள் பேசிய கிரயோலில் அல்ல என்பதும் அவர்கள் குற்றச்சாட்டு. இதில் கொஞ்சம் அப்பனைக் கொல்லும் ஆவேசம் உண்டு. ஆனாலும் முதுகுப் பக்கம் யார் என்ற கேள்வி நியாயமானது. நாமும் தலித் என்று ஒரே சொல்லில் நிற்கும்போது, மலம் அள்ள விடப்பட்ட அருந்ததியர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்று கேட்கப்பட்டோம் அல்லவா.

மண்டல சபைக் கதை சுருக்கமானது, கசப்பானது. 1981ல் மித்தெரான் ஜெயித்தார். செசேர் உடனே தன்னாட்சிக் கோரிக்கையை ஒத்திவைப்பதாக அறிவித்தார். சோஷலிஸ்ட் அரசு அதிகாரத்தைப் பகிரப்போகிறது, முதலில் அதை வாங்குவோம் என்பது கணக்கு. 1982ல் அதிகாரப் பரவல் சட்டம் வந்தது. தீவுக்கு ஒரே சபை என்ற மசோதாவை அரசியல் சட்டக் கவுன்சில் அடித்துவிட்டது. விளைவு, அதே சின்னத் தீவுக்கு மாவட்ட சபை ஒன்று, மண்டல சபை ஒன்று. 41 உறுப்பினர் கொண்ட மண்டல சபைக்கு 1983ல் செசேர் தலைவர். திட்டம் போடலாம், பள்ளிக் கட்டிடம் கட்டலாம். பெக்கேயின் நிலத்தைத் தொட முடியாது, இறக்குமதிக் கடைக்காரனின் விலையைத் தொட முடியாது. வாழைத்தோட்டத்தில் 1972 முதல் கொட்டிய குளோர்தெக்கோன் விஷத்தை பிரான்ஸ் 1990ல் தடை செய்துவிட்டு, தீவுகளுக்கு மட்டும் 1993 வரை விலக்குக் கொடுத்தது. இன்றைக்கு மார்த்தினிக்கில் வயது வந்தவர்களில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் ரத்தத்தில் அது இருக்கிறது. 2023 ஜனவரியில் விசாரணை நீதிபதிகள் யார் மேலும் வழக்கு இல்லை என்று முடித்தார்கள்.

ஒத்திவைத்த கோரிக்கை பிறகு எழவே இல்லை. 2010 ஜனவரியில், செசேர் இறந்த பிறகு, கூடுதல் தன்னாட்சி வேண்டுமா என்று கேட்டபோது 79 சதவீதம் பேர் வேண்டாம் என்றார்கள். அரை நூற்றாண்டு தன்னாட்சி பேசிய கட்சியின் ஊரில்! ஒத்திவைப்பு என்பது தற்காலிக ஏற்பாடு என்று தலைவர் நினைக்கிறார். சனங்கள் அதைக் கைவிட்டதாகவே எடுத்துக்கொள்கிறார்கள். தேர்தல் பாதைக்கு வந்த நம் இயக்கங்களுக்குள் எந்தக் கோரிக்கை எல்லாம் 'இப்போதைக்கு' என்று மடித்து வைக்கப்பட்டிருக்கிறது என்று ஒருநாள் உட்கார்ந்து கணக்கெடுக்கலாம்.

கிழவர் ஆனபிறகும் கோபம் போகவில்லை என்பதையும் சொல்லணும். 2005 பிப்ரவரியில் காலனியத்தின் 'நல்ல பங்கை'ப் பள்ளியில் சொல்லிக்கொடுக்கச் சட்டம் போட்டார்கள். அந்த டிசம்பரில் உள்துறை அமைச்சர் சர்கோசி மார்த்தினிக் வருவதாக இருந்தது. 92 வயது செசேர் பார்க்க மாட்டேன் என்றார். பயணமே ரத்தானது. அந்த வாசகம் அடுத்த வருஷம் நீக்கப்பட்டது. 2008 ஏப்ரல் 17ல் செசேர் இறந்தபோது அரசு மரியாதை. சர்கோசி அப்போது குடியரசுத் தலைவர். வந்தார், உட்கார்ந்தார், பேசவில்லை. குடும்பம் பேச அனுமதிக்கவில்லை.

தொரேசுக்கு எழுதிய கடிதம் சில பக்கங்கள்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை வாசகர் வட்டத்தில் படித்து முடித்துவிடலாம். ஆங்கில வழியாக வராமல், பிரெஞ்சு தெரிந்த புதுச்சேரி, காரைக்கால் தோழர்கள் யாராவது மூலத்தை வைத்துக்கொண்டு வரிவரியாகச் சொன்னால் நல்லது. கூடவே 1946 சட்டத்தையும் எடுத்து வாருங்கள்.